பத்து மணிக் கடை

எங்கள் கடை பள்ளிக்கூட வாசலுக்கு நேர் எதிரே இருந்தது. பள்ளிக்கூடம் ஒன்பதரை மணிக்குத் தொடங்கும். கடை பத்து மணிக்குத் திறக்கும். நாற்பது வருஷத்துக்கு மேல் ஆகியும், இந்த மூன்றையும் சேர்த்துச் சொன்னால் இப்போதும் எனக்கு எரிச்சல் வருகிறது.

அது நோட்டு, பென்சில், மை விற்கிற கடை. வேறு எதுவும் கிடையாது. ஒரு மிட்டாய் பாட்டில்கூட அப்பா வைக்கவிடவில்லை. பிள்ளைகள் பல்லைக் கெடுத்துக்கொள்ளும் என்பார். ஆக, அந்தக் கடைக்குப் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளை விட்டால் வேறு நாதி இல்லை. அவர்கள் எல்லோரும் மணி அடித்து உள்ளே போய், வாட்ச்மேன் கேட்டைப் பூட்டி, முதல் பீரியட் பாதி ஓடிய பிறகு அப்பா நிதானமாக நடந்து வருவார். பூட்டைத் திறந்து, கதவுப் பலகைகளை ஒவ்வொன்றாகக் கழற்றி, நம்பர் மாறாமல் சுவரோரம் அடுக்குவார். பிறகு தூசி தட்டுவார். ஆறாம் வகுப்பு பி பிரிவின் ஜன்னலிலிருந்து பார்த்தால் இது நன்றாகத் தெரியும். நான் ஆறு பி. என் இடம் ஜன்னலோரம்.

சங்கரன்கோவில் சீக்கிரம் எழுந்துகொள்கிற ஊர். பூ வியாபாரிகள் விடியுமுன்பே சந்தையில் கூடி, வெயில் ஏறுவதற்குள் அன்றைய வியாபாரத்தை முடித்துச் சாக்கை உதறி மடித்துவிடுவார்கள். எங்கள் தெருவில் ஆறு மணிக்கெல்லாம் தறிச் சத்தம் கேட்கத் தொடங்கிவிடும். எட்டேகாலுக்குப் பனவடலிசத்திரம் பஸ் வரும். அதன் பின்னாலேயே குருவிகுளம் பக்கத்திலிருந்து ஒன்று. இரண்டிலிருந்தும் பிள்ளைகள் பொலபொலவென்று இறங்கிப் பள்ளிக்கூட வாசலுக்கு வந்து நிற்பார்கள். அங்கே வந்த பிறகுதான் அவர்களுக்கு எல்லாம் ஞாபகம் வரும். பூகோள சார் இந்தியா மேப் கேட்டது, பேனாவில் மை இல்லாதது, கோடு போட்ட நோட்டு முடிந்துபோனது. சாயங்காலம் வீட்டுக்குப் போகும்போது எந்தப் பிள்ளைக்கும் பென்சில் நினைவு வராது. காலையில் வீட்டில் கொடுத்தனுப்பிய காசும் மத்தியானத்துக்குள் சேமியா ஐஸாகக் கரைந்திருக்கும். ஆகவே நோட்டுக் கடைக்கு உண்டானது காலை எட்டேகாலிலிருந்து ஒன்பதரை வரையிலான அந்த ஒன்றேகால் மணி நேரம்தான். மிச்ச நேரமெல்லாம் உட்கார்ந்து ஈ ஓட்டலாம். பதினொரு வயதில் எனக்கே தெரிந்திருந்த இந்தச் சங்கதி, பி.எஸ்ஸி. கணக்கும் அதற்கு மேல் பி.டி.யும் படித்த அப்பாவுக்குத் தெரியவில்லை.

பள்ளிக்கூட மதிலை ஒட்டிப் பெட்டிக்கடை வைத்திருந்த அண்ணாச்சிக்குத் தெரிந்திருந்தது. அவர் வெற்றிலை, பாக்கு, வாழைப்பழம் விற்கிறவர். ஒரு நாள் வாழைத்தாருக்குப் பக்கத்தில் நாலு மேப்பைக் கிளிப் போட்டுத் தொங்கவிட்டார். அடுத்த வாரம் பென்சில் வந்தது. அதற்கடுத்து மை வந்தது. எங்கள் கடையில் அடுக்கியிருந்த அதே சாமான், கொஞ்சம் கூடுதல் விலைக்கு, காலை ஏழு மணியிலிருந்து கிடைத்தது. என்னோடு படித்த பிள்ளைகள் எங்கள் கடைக்குப் பத்து மணிக் கடை என்று பேர் வைத்தார்கள். கொஞ்ச நாளில் கடையின் பேர் எனக்கும் ஒட்டிக்கொண்டது. “ஏட்டி, பத்து மணிக் கடை, தள்ளி உக்காரு” என்பார்கள்.

அப்பா சோம்பேறியாக இருந்திருந்தால்கூட எனக்கு மனசு ஆறியிருக்கும். இல்லை. ஐந்து மணிக்கு எழுந்துவிடுவார். ஆறு மணிக்கு ஜன்னல் கம்பியில் கண்ணாடியை மாட்டி, தாடையில் ஒரு முடி விடாமல் சவரம் செய்வார். குளிப்பார். இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையை உடுத்துவார். ஏழரைக்குக் குடும்ப ஜெபம். நாங்கள் எல்லோரும் முழங்காலில் நிற்க, அப்பா கண்ணை மூடிக்கொண்டு நீளமாக ஜெபிப்பார். சபைப் போதகரான ஐயருக்காக, வியாதியஸ்தருக்காக, மழைக்காக எல்லாம் ஜெபித்துவிட்டுக் கடைசியில், “இன்றைக்காவது வாசலைத் திறந்தருளும்” என்பார். எனக்கு முழங்காலும் வலிக்கும், கோபமும் வரும். கர்த்தர் இதில் என்ன செய்ய முடியும்? சாவி அப்பாவின் பழைய சட்டைப் பையில், கொடியில் தொங்கிக்கொண்டிருந்தது.

ஜெபம் முடிந்து எட்டு மணிக்கு இட்லி சாப்பிடுவார். அதற்குப் பிறகு நடப்பதுதான் யாராலும் பொறுத்துக்கொள்ள முடியாதது. முன்னறையில் வாசலைப் பார்த்து நாற்காலியைப் போட்டுக்கொண்டு, மடியில் ஒரு கணக்குப் புத்தகத்தை விரித்து வைத்து, உட்கார்ந்துவிடுவார். படிக்கிறாரா என்றால் அதுவும் இல்லை. தெருவில் சைக்கிள் மணி கேட்டால் தலையைத் தூக்குவார். அது தாண்டிப் போனால் குனிவார். பள்ளிக்கூடம் எங்கள் வீட்டிலிருந்து இரண்டு தெரு தள்ளி. மணி அடித்தால் வீட்டுக்குக் கேட்கும். நான் ஒன்பது மணிக்குப் புறப்படும்போது அப்பா அப்படித்தான் உட்கார்ந்திருப்பார். வகுப்பு தொடங்குகிற இரண்டாவது மணியும் அடித்து ஓய்ந்த பிறகு எழுந்து, வெள்ளைச் சட்டையைக் கழற்றி மடித்து வைத்துவிட்டு, காலரில் நூல் பிரிந்த பழைய சட்டையைப் போட்டுக்கொண்டு கடைக்குக் கிளம்புவார் என்று அம்மா சொல்லுவாள். வீட்டில் சும்மா உட்கார இஸ்திரிச் சட்டை, நாலு பேர் பார்க்க வெளியே போகப் பழைய சட்டை. உலகத்தில் வேறு யாராவது இப்படிச் செய்வார்களா என்று நான் பல நாள் யோசித்ததுண்டு.

அப்பா அதற்கு முன்பு அதே பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியாராக இருந்தவர். நான் இரண்டாம் வகுப்பு படிக்கும்போது, பிள்ளைகள் எண்ணிக்கை குறைந்துபோனது, ஒரு வாத்தியார் கூடுதல் என்று மேலே இருந்து உத்தரவு வந்தது. கடைசியாக வேலையில் சேர்ந்தவர் அப்பா. அவரை நிறுத்திவிட்டார்கள். நாங்கள் பெரிய சார் என்று சொல்லுகிற தலைமையாசிரியர், “யாராவது லீவு போட்டா உடனே ஆள் அனுப்புதேன், தயாரா இருங்க” என்று சொல்லியிருந்தாராம். ஆள் ஒன்றும் வரவில்லை. இரண்டு வருஷம் கழித்துக் கடை வைத்தார். இந்தக் கதை வீட்டில் எப்போதோ என் காதில் விழுந்ததுதான். பழைய கதை என்று நானும் விட்டுவிட்டேன்.

அம்மா வீட்டில் தையல் மிஷின் வைத்து ரவிக்கை தைப்பாள். தம்பி அப்போது கைக்குழந்தை. மிஷினை மிதித்துக்கொண்டே சுவரைப் பார்த்துப் பேசுவாள்.

“ஊர்ல இருக்கவன்லாம் காலையில கடையைத் திறந்து நாலு காசு பாக்கான். இங்கன பூட்டு திறக்க ஜோசியமா பாக்கணும்? சாவியைக் குடுங்க, நானாவது போய்த் திறக்கேன்.”

அப்பா, “பிள்ளையைத் தூக்கிட்டு நீ எங்க போய் உக்காருவ? பத்து மணிக்கு நான் போறேன்லா” என்பார்.

“பத்து மணிக்குப் போய் யாருக்கு விக்கப் போறீங்க? வாட்ச்மேனுக்கா?”

அப்பா புத்தகத்தில் ஒரு பக்கத்தைத் திருப்புவார். அம்மா இன்னும் ஏதோ சொல்ல வாயெடுப்பாள். அவர் மடியில் இருக்கிற புத்தகத்தைப் பார்ப்பாள். பிறகு மிஷினை வேகமாக மிதிப்பாள். அம்மா ஏன் அந்த இடத்தில் நிறுத்திக்கொள்கிறாள் என்பதும் எனக்கு எரிச்சலாகத்தான் இருந்தது. இன்னும் ரெண்டு வார்த்தை சேர்த்துக் கேட்டால் அப்பா எழுந்துவிடுவார் என்று நினைப்பேன்.

அந்த வருஷம் கால்பரீட்சை முடிந்த சமயத்தில் மேலநீலிதநல்லூர்ப் பேச்சு வந்தது. அங்கே அம்மாவின் அண்ணன், எங்கள் பெரிய மாமா, நிலம் வைத்திருந்தார். வீட்டின் பின்கட்டில் ஓர் அறை காலியாகக் கிடந்தது. கடை இப்படியே போனால் அதை மூடிவிட்டு, அந்த அறைக்குக் குடிபோய்விடலாம், அப்பா மாமாவோடு பருத்திக்காட்டைப் பார்த்துக்கொள்ளலாம் என்று மாமா ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்து சொன்னார். சொல்லிவிட்டு என்னைப் பார்த்து, “இவளுக்கும் பருத்தி எடுக்கப் பழகும்” என்றார். மாமாவின் மூத்த மகள் எட்டாம் வகுப்போடு நின்றவள். நான் அன்றைக்குச் சாப்பிடவில்லை. அப்பா, “தை வரைக்கும் பாப்போம் மச்சான்” என்றார். அவ்வளவுதான். மறுநாள் காலையிலும் வெள்ளைச் சட்டை, நாற்காலி, புத்தகம்.

இவரை நம்பிப் பிரயோஜனம் இல்லை என்று அன்றைக்கு முடிவு செய்தேன்.

சாயங்காலம் பள்ளிக்கூடம் விட்டதும் நான் கடைக்குப் போய்க் கொஞ்ச நேரம் இருப்பது வழக்கம். அப்பா டீ குடிக்கப் போகிற நேரத்தில் பத்து மேப், நாலைந்து பென்சில், கிராஃப் தாள், ஒரு மை பாட்டில் இவற்றை எடுத்து என் பைக்குள் வைத்துக்கொள்வேன். காலையில் எட்டரைக்கே பள்ளிக்கூடம் போய்விடுவேன். குழாயடிக்குப் பின்னால் ஒரு வேப்பமரம் நின்றது. அதன் அடியில் பழைய பிஸ்கட் தகரப் பெட்டியைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தால், மணி அடிப்பதற்குள் எல்லாம் விற்றுப்போகும். பேனாவுக்கு மை ஊற்றிக் கொடுக்கவும் செய்தேன். மத்தியானம் சாப்பாட்டு மணிக்குப் போய், அப்பா பார்க்காதபோது சில்லறையைக் கல்லாவில் போட்டுவிடுவேன். அப்பாவுக்கு ஒன்றும் தெரியாது. ஒரு நாள் அம்மாவிடம், “இப்பம் மேப் நல்லாப் போவுது, கவனிச்சியா?” என்று சந்தோஷமாகச் சொன்னார். கடை பூட்டிக் கிடக்கும்போது எப்படி மேப் போகும் என்று அவருக்குத் தோன்றவில்லை. கணக்கு வாத்தியாராம்.

இரண்டு வாரம் நடந்தது. பெட்டிக்கடை அண்ணாச்சி ஒரு நாள் மதிலுக்கு மேல் எட்டிப் பார்த்து, “ஏட்டி, பத்து மணிக் கடை இப்பம் எட்டரைக்கே திறந்திருது போல” என்றார். அதைக் கேட்டு எனக்குத் தலைகால் புரியவில்லை.

ஒரு திங்கட்கிழமை பூகோளப் பரீட்சை. உலக மேப் இல்லாமல் உள்ளே விடமாட்டேன் என்று சார் சொல்லியிருந்தார். என்னிடம் இருந்தது எட்டு மேப். வந்து நின்றது முப்பது பிள்ளைகள். கடைசி மேப்பை இரண்டு பையன்கள் ஆளுக்கொரு முனையில் பிடித்தார்கள். அது கிழிந்தது. ஒருவன் மற்றவனைத் தள்ள, அவன் தகரப் பெட்டி மேல் விழ, திறந்திருந்த மை பாட்டில் எகிறியது. அன்றைக்குத் திங்கட்கிழமை என்பதால் எல்லோரும் வெள்ளை யூனிஃபாரம். நாலு பிள்ளைகளுக்கு மார்பிலிருந்து முழங்கால் வரை நீலம். ஒருத்தி அழத் தொடங்கினாள். டிரில் சார் விசிலோடு ஓடிவந்தார். நடுவில் தகரப் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு நான் உட்கார்ந்திருந்தேன்.

டிரில் சார் என்னைப் பெரிய சார் அறைக்குக் கூட்டிப் போனார். பெரிய சார் என்னைப் பார்த்துக் கத்திய கத்தலில் அலமாரிக் கண்ணாடி அதிர்ந்தது. பள்ளிக்கூடமா சந்தையா என்று கேட்டார். பிறகு பியூன் அண்ணாச்சியைக் கூப்பிட்டு, “போய் இவங்க அப்பாவைக் கையோட கூட்டிட்டு வா” என்றார். பியூன் சைக்கிளை எடுத்துக்கொண்டு போனார். அப்போது மணி ஒன்பது அடித்துப் பத்து நிமிஷம் ஆகியிருக்கும். நான் அலமாரியை ஒட்டி மூலையில் நின்றேன்.

வீட்டில் என்ன நடந்தது என்பதை அம்மா எனக்குச் சொன்னது வெகு காலம் கழித்து, அப்பா காலமான பிறகு. பியூன் வாசலில் சைக்கிளை நிறுத்தி, “சார், பெரிய சார் உங்களைக் கையோட கூட்டிட்டு வரச் சொன்னாக” என்று மட்டும் சொல்லியிருக்கிறார். எதற்கென்று சொல்லவில்லை. அப்பா எழுந்த வேகத்தில் நாற்காலி பின்னால் சாய்ந்து விழுந்ததாம். அதை நிமிர்த்தக்கூட இல்லையாம். கண்ணாடியில் ஒரு தடவை தலையைச் சீவிக்கொண்டு, ஒரு வாய் தண்ணீர் குடித்துவிட்டு, செருப்பைக் கால் மாற்றிப் போட்டுக்கொண்டு, மறுபடியும் சரியாகப் போட்டுக்கொண்டு ஓடினாராம். அம்மா பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு தெருமுனை வரை வந்து பார்த்துக்கொண்டு நின்றாளாம்.

எனக்குத் தெரிந்தது அந்த அறையில் நடந்ததுதான். அப்பா வாசலில் வந்து நின்றார். வேகமாக வந்ததில் மூச்சு வாங்கியது. வெள்ளைச் சட்டை, கக்கத்தில் கணக்குப் புத்தகம். அவர் முகம் அவ்வளவு பளிச்சென்று இருந்து நான் பார்த்ததில்லை. அலமாரி மறைத்ததால் என்னை அவர் கவனிக்கவில்லை.

“குட் மார்னிங் சார்” என்றார். “எந்த கிளாஸ் சார்?”

“ஆறு பி” என்றார் பெரிய சார், இன்னும் கோபம் தணியாமல்.

“ஆறு பி-ன்னா இப்பம் பின்னம்தான் நடக்கும். எத்தனாவது பீரியட் சார்?”

பெரிய சார் ஏதோ சொல்ல வந்தவர் நிறுத்திக்கொண்டார். அப்பாவின் சட்டையைப் பார்த்தார். கக்கத்துப் புத்தகத்தைப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றி மேஜையில் வைத்தார். அதுவரைக்கும் என்னிடம் கத்திக்கொண்டிருந்தவர் குரலைத் தாழ்த்தி, “உக்காருங்க சார்” என்றார்.

“இருக்கட்டும் சார். மணி அடிக்கப் போவுது.”

பெரிய சார் கையை நீட்டி மூலையைக் காட்டினார். அப்பா திரும்பிப் பார்த்தார். கையெல்லாம் நீலமாக, தகரப் பெட்டியோடு நான் நின்றுகொண்டிருந்தேன்.

“உங்க பொண்ணு ஸ்கூலுக்குள்ள வச்சு மேப்பும் மையும் விக்கா. நாலு பிள்ளைக உடுப்பு பாழாப் போச்சு. அதைச் சொல்லத்தான் வரச் சொன்னேன் சார்.”

அந்த நேரம் முதல் மணி அடித்தது. அது அடித்து முடிக்கிற வரைக்கும் அப்பா நின்றார். கக்கத்தில் இருந்த புத்தகத்தை எடுத்து மறு கக்கத்தில் வைத்துக்கொண்டார்.

“ஏம்மா இப்படிச் செஞ்ச?” என்று என்னிடம் கேட்டார்.

இந்தக் கேள்விக்காகத்தான் நான் எத்தனையோ நாளாகக் காத்திருந்தேன். பெரிய சார் எதிரில் என்பதெல்லாம் எனக்குத் தோன்றவில்லை.

“நீங்க திறக்க மாட்டேங்கீங்க. பிள்ளைக எல்லாம் காலையிலதான் வாங்குது. நீங்க வீட்டுல சும்மா உக்காந்திருக்கீங்க. எனக்கு மேலநீலிதநல்லூருக்குப் போவ வேண்டாம்.”

பெரிய சார் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அப்பா கொஞ்ச நேரம் என்னையே பார்த்தார்.

“அவ சொல்லுதது சரிதான் சார்” என்றார். “உடுப்புக்கு நான் பொறுப்பு. இனிமே இப்படி நடக்காது.”

தகரப் பெட்டியை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டார். பெரிய சார் வாசல் வரை கூடவே வந்து, அப்பாவின் தோளில் கையை வைத்து, “இடம் ஏதாவது வந்தா நான் மறக்க மாட்டேன்…” என்று தொடங்கினார். அவர் முடிப்பதற்குள் அப்பா, “சரி சார், சரி சார்” என்று சொல்லிவிட்டுப் படி இறங்கினார்.

நான் வகுப்புக்குப் போனேன். ஜன்னலோரம் உட்கார்ந்து பார்த்தால், அப்பா சாலையைக் கடந்து நேராக எங்கள் கடை முன்னால் போய் நின்றார். சட்டைப் பையைத் தடவினார். சாவி இல்லை. அது பழைய சட்டையில், வீட்டில் இருந்தது. ஒரு கையில் தகரப் பெட்டி, கக்கத்தில் புத்தகம், வெள்ளைச் சட்டையோடு பூட்டின கடை முன்னால் அவர் நின்றுகொண்டே இருந்தார். பின் பெஞ்சில் யாரோ, “பத்து மணிக் கடையிலே இன்னைக்கு ஒன்பதரைக்கே ஆள் வந்திருக்கு” என்றான். வகுப்பே சிரித்தது. எனக்கு அப்பாவின் மேல் அப்படி ஒரு கோபம் வந்தது. எத்தனையோ மாதத்துக்குப் பிறகு ஒரு நாள் நேரத்துக்கு வந்திருக்கிறார், சாவியை எடுத்துக்கொண்டு வரத் தெரியவில்லை.

சாயங்காலம் அம்மா என்னை அடிப்பாள் என்று நினைத்தேன். அடிக்கவில்லை. “நீ ஏம்ட்டி இப்படிச் செஞ்ச” என்றாள். ஆனால் மை கொட்டியதைப் பற்றிக் கேட்கிற மாதிரி அது இல்லை. நான் பாட்டில் எப்படிக் கவிழ்ந்தது என்று விளக்கிக்கொண்டிருந்தேன். அம்மா அதைக் காதில் வாங்கவில்லை.

மறுநாள் நான் எழுந்தபோது அப்பா வீட்டில் இல்லை. ஜன்னல் கம்பியில் கண்ணாடி மாட்டியிருக்கவில்லை. ஏழு மணிக்கே போய்விட்டதாக அம்மா சொன்னாள். நான் இட்லியை வாயில் திணித்துக்கொண்டு ஓடிப்போய்ப் பார்த்தேன். பலகைகள் எல்லாம் கழற்றி அடுக்கியாகிவிட்டது. முன்னால் ஒரு கயிறு கட்டி மேப்புகளைத் தொங்கவிட்டிருந்தார். சவரம் செய்யாத முகத்தோடு பழைய சட்டையில் உள்ளே நின்றார். எட்டேகால் பஸ்ஸில் இறங்கி வந்த பிள்ளைகள் முதலில் நம்பாமல் எதிர்ப்பக்கமே நின்று பார்த்தார்கள். பிறகு ஒருத்தி சாலையைக் கடந்தாள். அவள் பின்னால் இரண்டு பேர். ஒன்பது மணிக்குக் கடை முன்னால் நிற்க இடம் இல்லை.

அதற்குப் பிறகு ஒரு நாள்கூட அப்பா நேரம் தவறவில்லை. ஜெபத்தைச் சாயங்காலத்துக்கு மாற்றிவிட்டார். சின்ன ஜெபம்தான், என் முழங்காலுக்கு வலி தெரியாது. பெட்டிக்கடையில் முதலில் மை நின்றது, பிறகு பென்சில் நின்றது, கடைசியில் வாழைத்தார் மட்டும் தொங்கியது. நானும் எட்டு மணிக்கெல்லாம் போய் அப்பாவோடு நின்று எடுத்துக் கொடுப்பேன். பெரிய மாமா அடுத்த தடவை வந்தபோது கடை முன்னால் இருந்த கூட்டத்தைப் பார்த்துவிட்டு, பின்கட்டு அறையில் உரமூட்டை அடுக்கப் போவதாகச் சொல்லிவிட்டுப் போனார். என்னை யாரும் பத்து மணிக் கடை என்று கூப்பிடவில்லை. இதெல்லாம் என்னால்தான் நடந்தது என்று பார்த்தவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தேன். நான்கூடச் சொல்லவேண்டாம், பெட்டிக்கடை அண்ணாச்சியே சொன்னார். “மனுசன் காலையில மொதல்ல எந்தக் கடையில நிக்கானோ, அன்னைக்குப் பூரா அங்கனயேதான் போய் நிப்பான். உங்க அப்பாவுக்கு இது இப்பந்தான் விளங்கியிருக்கு.”

அரைப்பரீட்சைக்குப் பத்து நாள் இருக்கும். காலை எட்டே முக்கால் மணி. கடை முன்னால் நல்ல கூட்டம். பரீட்சைத் தாளும் அதைக் கட்டுகிற நூலும் கேட்டுப் பிள்ளைகள் நெருக்கிக்கொண்டு நின்றார்கள். பியூன் அண்ணாச்சி அவர்களை விலக்கிக்கொண்டு வந்தார். மறுபடியும் நான் ஏதாவது செய்துவிட்டேனா என்று யோசித்தேன்.

“சார், கணக்கு சாருக்கு ஆபரேசனாம். ரெண்டு மாசம் லீவு. பத்தாம் கிளாஸ் பிள்ளைக தவிச்சுப் போய் நிக்கி. பெரிய சார் உங்களை இன்னைக்கே வந்துரச் சொன்னாக” என்றார்.

அப்பா ஒரு பையனுக்குத் தாள் எண்ணிக்கொண்டிருந்தார். எண்ணுவதை நிறுத்தினார். எதிரே பள்ளிக்கூடத்தைப் பார்த்தார். மாடியில் வராந்தா ஓரத்தில் பத்தாம் வகுப்புப் பிள்ளைகள் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள்.

அவர் யோசிக்கிறார் என்று தெரிந்ததும் எனக்குப் பதறிவிட்டது. இந்த மனிதரை நம்பமுடியாது.

“அப்பா, இப்பம் கடையை அடைச்சா இவ்வளவு பேரும் பெட்டிக்கடைக்குத்தான் போவாங்க” என்றேன்.

அப்பா என்னைப் பார்த்தார். பிறகு விட்ட இடத்திலிருந்து தாளை எண்ணி முடித்துப் பையனிடம் கொடுத்தார்.

“காலையில கடையை விட்டுட்டு வர முடியலேன்னு சொல்லிருங்க அண்ணாச்சி. தப்பா நினைக்க வேண்டாம்னு சொல்லுங்க.”

“நிசமாவா சார்?” என்றார் பியூன்.

“ஆமா. நீங்க போங்க. மணி ஆவுது.”

ஒருவழியாக எங்கள் அப்பாவும் கடைக்காரர் ஆகிவிட்டார்.

அடுத்ததாகப் பனவடலிசத்திரத்துப் பிள்ளை ஒருத்தி தன் பேனாவை நீட்டி நிப்பு மாற்றித் தரச் சொன்னாள். அப்பா புது நிப்பைச் செருகி, மையில் தோய்த்து, ஓடுகிறதா என்று பார்ப்பதற்காக ஒரு கழிவுத் தாளை எடுத்துப் போட்டார். வழக்கமாக இரண்டு கீறல் கீறிப் பார்த்துவிட்டுக் கொடுத்துவிடுவார். அன்றைக்கு ஒரு வரி எழுதினார். அடைப்புக்குறி போட்டு, நடுவில் சமக்குறி போட்டு, அதற்குக் கீழே இன்னொரு வரி. ஏதோ பெரிய வகுப்புக் கணக்கு. ஒரு பக்கத்தில் இருந்ததை மறுபக்கத்துக்குக் கொண்டுபோய், குறியை மாற்றி, வரிவரியாகத் தாளின் அடி வரைக்கும் எழுதிக்கொண்டே போனார். அழகான எழுத்து, ஒரு அடித்தல் இல்லை. கடைசியில் விடைக்குக் கீழே இரண்டு கோடு இழுத்தார். இழுத்துவிட்டு அதையே பார்த்துக்கொண்டு நின்றார்.

அந்தப் பிள்ளை கையை நீட்டியபடி கால் மாற்றி மாற்றி நின்றாள். அவளுக்குப் பின்னால் எட்டுப் பேர். மணி அடிக்கப் போகிறது. ஒரு நிப்பு ஓடுகிறதா என்று பார்க்க ஒரு முழுத் தாளா என்று எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அப்பாவின் கையிலிருந்து பேனாவைப் பிடுங்கி, பாவாடையில் துடைத்து அவளிடம் கொடுத்துவிட்டு, அடுத்த ஆளைக் கூப்பிட்டேன்.